தோற்காமல் போன ஸ்டிங்: கிரீன்ஸ்போரோவில் ஒரு கடைசி மேட்ச்

இன்னைக்கு எபிசோட் ரெஸ்லிங் பத்தி. "அதெல்லாம் டூப்புதானே, அதுல என்னங்க வரலாறு?"னு சிலர் கேப்பீங்க. கேளுங்க, தப்பில்ல. அந்தக் கேள்வியிலிருந்தே ஆரம்பிக்கலாம்.

ஆமாம், புரொஃபஷனல் ரெஸ்லிங்கில் யார் ஜெயிக்கணும்ங்கிறது மேட்சுக்கு முன்னாடியே முடிவான விஷயம். ஆனா அதனாலதான் அங்க தோல்விக்கு ஒரு தனி அர்த்தம் இருக்கு. கிரிக்கெட்ல தோத்தா, அன்னைக்கு எதிரணி நல்லா ஆடினாங்கனு அர்த்தம். ரெஸ்லிங்கில் தோத்தா, நீங்க சம்மதிச்சுத் தோத்தீங்கனு அர்த்தம். உங்க பேரு, உங்க இருபது வருஷப் பெருமை, எல்லாத்தையும் மூணு எண்றதுக்குள்ள எதிர்ல நிக்கிறவருக்குக் கொடுத்துட்டுப் படுத்திருக்கீங்க. தோத்துக் கொடுக்கிறதை அமெரிக்க ரெஸ்லர்கள் அவங்க தொழில் பாஷையில் 'ஜாப்'னுதான் சொல்வாங்க. வேலை. அவ்வளவுதான்.

இதுலேருந்து ஒரு மரபு வந்தது. ஓய்வு பெறப்போற மூத்த ரெஸ்லர், கடைசி மேட்ச்ல தோத்துட்டுத்தான் போகணும். ரிங்ல மல்லாக்கப் படுத்த நிலையில் விடைபெறணும். வாங்கினதைத் திருப்பிக் கொடுத்துட்டுப் போறதுதான் மரியாதை.

2024 மார்ச் 3, ஞாயிற்றுக்கிழமை ராத்திரி, அமெரிக்காவுல வட கரோலினா மாநிலத்தின் கிரீன்ஸ்போரோ கோலிசியத்தில் 16,000 பேருக்கு மேல கூடியிருந்தாங்க. ஸ்டிங்கோட கடைசி மேட்ச். அடுத்த பதினேழு நாள்ல அவருக்கு 65 வயசு முடியப்போகுது. அன்னைக்கு அவர் தோக்கல, ஜெயிச்சார். மரபை மீறினார். ஆனாலும் இந்தத் தொழில்ல நடந்த நல்ல வழியனுப்புகள்ல ஒண்ணா அந்த ராத்திரியை ரசிகர்கள் சொல்றாங்க. அது எப்படிங்கிறதுதான் இன்னைக்குப் பேச்சு.

நமக்குக் கொஞ்சம் தெரியாத ஸ்டிங்

நம்ம ஊர்ல கேபிள் டிவி பார்த்து, டிரம்ப் கார்டு விளையாடி வளர்ந்தவங்களுக்கு அண்டர்டேக்கர், ஸ்டோன் கோல்ட், ராக் எல்லாரும் வீட்டுப் பேரு மாதிரி. ஸ்டிங் அந்த அளவுக்குத் தெரியாது. காரணம் எளிமை: அவர் ரொம்ப காலம் எதிர்க் கம்பெனியில் இருந்தார். நாம பார்த்தது வின்ஸ் மெக்மேனோட டபிள்யூ.டபிள்யூ.எஃப்., பிறகு டபிள்யூ.டபிள்யூ.இ. ஸ்டிங் அங்க முதல்முறையா கால் வெச்சதே 2014 நவம்பர்லதான். அப்போ அவருக்கு வயசு 55.

ஸ்டிங்கோட நிஜப் பேரு ஸ்டீவ் போர்டன். 1959-ல பிறந்தவர், கலிஃபோர்னியாவில் வளர்ந்தவர். பாடி பில்டரா இருந்தவர். 1985-ல ரெஸ்லிங்குக்கு வந்தபோது அவருக்கு ஜோடியா இருந்தவர் ஜிம் ஹெல்விக். அந்த ஆளைத்தான் பின்னாடி அல்டிமேட் வாரியர்னு நமக்கெல்லாம் தெரியும். ரெண்டு பேருக்கும் உடம்பு இருந்தது, ரெஸ்லிங் சரியா வரல. கொஞ்ச நாள்ல பிரிஞ்சாங்க. ஹெல்விக் மெக்மேன் பக்கம் போனார். ஸ்டிங் தென் மாநிலங்கள்ல ஷோ நடத்திட்டிருந்த ஜிம் கிராக்கெட் கம்பெனிக்கு வந்து சேர்ந்தார்.

கிராக்கெட் கம்பெனியின் முக்கியமான ஊர்கள்ல ஒண்ணு கிரீன்ஸ்போரோ. 1983-ல 'ஸ்டார்கேட்'ங்கிற அவங்க பெரிய வருடாந்திர ஷோ தொடங்கினதே அந்த ஊர் கோலிசியத்தில்தான். அன்னைக்கு ஹார்லி ரேஸை வீழ்த்தி உலக சாம்பியன் ஆனவர், அந்த வட்டாரத்தின் ராஜாவா இருந்த ரிக் ஃப்ளேர்.

1988: நாற்பத்தஞ்சு நிமிஷம்

ஃப்ளேரைப் பத்தி ஒரு விஷயம் சொல்லணும். 1975-ல வட கரோலினாவில் ஒரு சின்ன விமான விபத்து. ஃப்ளேருக்கு முதுகெலும்பு மூணு இடத்துல முறிஞ்சது. இனி ரெஸ்லிங் கிடையாதுனு டாக்டர்கள் சொன்னாங்க. சில மாசத்துல திரும்பி வந்தார். அதுக்கப்புறம் வருஷக்கணக்கா ஊர் ஊராப் போய், அந்தந்த ஊர் நாயகனோட ஒரு மணி நேரம் வரைக்கும் மேட்ச் ஆடுறது அவர் வேலை. உலக சாம்பியன்னா அப்போ அப்படித்தான். பெல்ட் அவர்கிட்டயே இருக்கணும், ஆனா மேட்ச் முடிஞ்சு வீட்டுக்குப் போற ரசிகர், "நம்ம ஊர்ப் பையன் இன்னும் ரெண்டு நிமிஷம் இருந்திருந்தா ஜெயிச்சிருப்பான்"னு பேசிட்டே போகணும். தன்னைவிட எதிராளியைப் பெரிய ஆளாக் காட்டத் தெரிஞ்சவர் ஃப்ளேர். அடி வாங்கித் தள்ளாடுவார், ரெண்டடி நடந்து முகம் குப்புற விழுவார், மண்டியிட்டுக் கெஞ்சுவார். எல்லாம் எதிர்ல நிக்கிறவருக்காக.

1988 மார்ச் 27. அன்னைக்கு மெக்மேன், அட்லாண்டிக் சிட்டியில் நாலாவது ரெஸில்மேனியா நடத்துறார். காசு கட்டித்தான் பார்க்க முடியும். போட்டிக்குக் கிராக்கெட் கம்பெனி அதே நாள்ல கிரீன்ஸ்போரோவிலிருந்து, டி.பி.எஸ். கேபிள் சேனல்ல தனியாக் காசு கேட்காம ஒரு ஷோ போட்டாங்க. பேரு 'கிளாஷ் ஆஃப் தி சாம்பியன்ஸ்'. கடைசி மேட்ச்: ஃப்ளேர், ஸ்டிங். ஃப்ளேருக்கு 39, ஸ்டிங்குக்கு அப்போதான் 29 முடிஞ்சிருந்தது.

ஸ்டிங்குக்கு அந்த நாள் வரைக்கும் இருந்தது முகப்பூச்சு, வெட்டி நிறுத்தின பொன்னிற முடி, நல்ல உடம்பு, கூட்டத்தைக் கத்த வைக்கிற உற்சாகம். பெரிய மேட்ச் ஆடத் தெரியுமாங்கிறது சந்தேகம். ஃப்ளேர் அவரை 45 நிமிஷம் ஆட வெச்சார். பிடியில இருக்கும்போது அனுபவசாலி அடுத்து என்ன செய்யணும்னு காதுல சொல்லிட்டே கூட்டிட்டுப் போறது இந்தத் தொழில்ல வழக்கம். நேரம் முடிஞ்சு மணி அடிச்சபோது ஸ்டிங்கோட 'ஸ்கார்பியன் டெத்லாக்' பிடிக்குள்ள ஃப்ளேர் சிக்கியிருந்தார். டிரா. ரிங் ஓரத்துல உட்கார்ந்திருந்த ஜட்ஜுகளாலும் ஒரு முடிவுக்கு வர முடியல.

பெல்ட் ஃப்ளேர்கிட்டயே இருந்தது. ஆனா அடுத்த நாள் காலையில ஸ்டிங் வேற ஆள். ஒரே ராத்திரியில் நட்சத்திரம். ஃப்ளேர் தோக்கக்கூட இல்ல, பங்கு கொடுத்தார். அது போதுமா இருந்தது. 1990 ஜூலையில் பால்டிமோர்ல ஃப்ளேரை ஜெயிச்சு ஸ்டிங் உலக சாம்பியனே ஆனார்.

ஓய்வுங்கிற பழைய ஜோக்

இப்போ வழியனுப்பு ஷோக்களோட வரலாற்றுக்கு வரலாம். இதுல முதல்ல ஞாபகத்துக்கு வர்ற பேரு டெர்ரி ஃபங்க். 1983 ஆகஸ்ட் 31-ல டோக்கியோவில் அவருக்குப் பெரிய ஓய்வு மேட்ச் நடந்தது. ஜப்பான் ரசிகர்கள் அழுது தீர்த்தாங்க. அப்போ அவருக்கு 39 வயசு. அடுத்த வருஷமே திரும்பி வந்துட்டார். 1997 செப்டம்பர்ல சொந்த ஊரான அமரில்லோவில், அவர் குடும்பத்தையே கௌரவிச்சு இன்னொரு வழியனுப்பு ஷோ. மரபுப்படி பிரெட் ஹார்ட்கிட்ட தோத்தார். நாலு மாசம்கூட ஆகல, தலையில ஸ்டாக்கிங் மாட்டிக்கிட்டு 'செயின்சா சார்லி'ங்கிற பேர்ல டிவியில வந்து நின்னார். அவர் கடைசியா மேட்ச் ஆடினப்போ எழுபதைத் தாண்டியிருந்தார்.

அடுத்தது ஃப்ளேர். 2008 மார்ச் 30, ஆர்லாண்டோ, 24-வது ரெஸில்மேனியா. அன்னைக்கு ஃப்ளேருக்கு 59 வயசு. அதுக்கு முந்தின நவம்பர்லேருந்து கதை இப்படி: அடுத்து எந்த மேட்ச்ல தோக்கிறாரோ அதோட அவர் கதை முடிஞ்சது. எதிர்ல ஷான் மைக்கேல்ஸ். சின்ன வயசுலேருந்து ஃப்ளேரைப் பார்த்து வளர்ந்தவர். கடைசி உதைக்கு முன்னாடி மைக்கேல்ஸ் ஒரு நொடி நிக்கிறார். ஃப்ளேர் கண்ணுல தண்ணியோட, வாடாங்கிற மாதிரி கையை ஓங்கி நிக்கிறார். மைக்கேல்ஸ் உதட்டசைவுல மன்னிப்புக் கேட்கிறார், அன்பைச் சொல்றார், உதைக்கிறார். முடிஞ்சது. மறுநாள் டிவியில ரிங் முழுக்க மனுஷங்க. ஃப்ளேரோட பழைய கூட்டாளிகள், குடும்பம், கடைசியில கம்பெனியோட ரெஸ்லர்கள் எல்லாரும். எல்லாரும் அழறாங்க.

இதைவிட அழகான முடிவு இருக்க முடியாதுனுதான் அன்னைக்கு எல்லாரும் நினைச்சாங்க. அடுத்த வருஷம் நவம்பர்ல ஃப்ளேர் ஆஸ்திரேலியாவில் ஹல்க் ஹோகனோட ரிங்ல இருந்தார். பிறகு டி.என்.ஏ. கம்பெனியில் மேட்ச்கள். 2022 ஜூலை 31, நாஷ்வில், 73 வயசுல இன்னொரு 'கடைசி மேட்ச்'. நடுவுல ரெண்டு தடவை மயங்கிட்டதா பின்னாடி அவரே சொன்னார்.

சிரிக்கிறது சுலபம். ஏன் திரும்பி வர்றாங்கனு கேட்டா அவ்வளவு சிரிப்பு வராது. அமெரிக்காவின் பெரிய ரெஸ்லிங் கம்பெனிகள் ரெஸ்லர்களை ஊழியர்களா வெச்சுக்கிறதில்ல, தனி ஒப்பந்தக்காரர்களாத்தான் வெச்சிருக்கு. யூனியன் கிடையாது. வேலையை விட்டா மாசா மாசம் வர்ற பென்ஷன் கிடையாது. இந்த விளையாட்டுக்கு சீசனும் கிடையாது, வருஷம் பூரா ஊர் ஊராப் போகணும். முப்பது வருஷம் அப்படி வாழ்ந்தவருக்கு வீடுங்கிறதே பழக்கமில்லாத இடம். முட்டி போயிருக்கும், கழுத்து போயிருக்கும், ஆனா பேரு கேட்டா கூட்டம் இன்னும் கத்தும். அந்தப் பேரு ஒண்ணுதான் கையில இருக்கிற சேமிப்புன்னா, அதை மறுபடி மறுபடி எடுத்துச் செலவு பண்ணத்தான் செய்வாங்க.

இரண்டாவது வாய்ப்பு

ஸ்டிங் கதையும் அந்த வழியிலேயே போயிருக்கலாம். 1996-ல அவர் வெள்ளை முகம், கறுப்புக் கோட்டு, கையில பேஸ்பால் மட்டைனு மாறினார். ஒரு வருஷத்துக்கு மேல மேட்ச் ஆடாம, அரங்கத்தோட கூரையிலிருந்து பார்த்துட்டே இருந்த அந்த மௌன ஸ்டிங்தான் இன்னைக்கும் பலருக்கு ஞாபகம். அவர் கம்பெனி டபிள்யூ.சி.டபிள்யூ., 2001 மார்ச்ல மெக்மேனுக்கு விலைபோனது. அந்தக் கம்பெனியின் கடைசி டிவி ஷோவில் கடைசி மேட்ச் யாருக்கு? ஃப்ளேருக்கும் ஸ்டிங்குக்கும்தான். ஸ்டிங் ஜெயிச்சார், ரெண்டு பேரும் கட்டிப்பிடிச்சாங்க.

ஒருவழியா டபிள்யூ.டபிள்யூ.இ.-க்கு அவர் போனபோது காலம் கடந்திருந்தது. 2015 செப்டம்பர் 20-ல செத் ராலின்ஸோட நடந்த மேட்ச்ல டர்ன்பக்கிள் மேல எறியப்பட்டு விழுந்தார். கழுத்துல அடி. எழுந்து நிக்கப் பார்த்தப்போ கால் தானா மடங்கினது. அது நடிப்பில்ல. தண்டுவடம் போற வழி குறுகலாயிருந்தது தெரியவந்தது. 2016 ஏப்ரல்ல, ஹால் ஆஃப் ஃபேம் மேடையில், கோட்டு சூட்டோட ஓய்வை அறிவிச்சார்.

அதாவது, ஸ்டிங்கும் ஒரு தடவை ஓய்வு பெற்றுத் திரும்பி வந்தவர்தான். 2020 டிசம்பர் 2-ல ஏ.இ.டபிள்யூ. கம்பெனியில் தோன்றினார். 61 வயசு. அங்க அவர் தனியா நிக்கல. பக்கத்துல டார்பி ஆலின். ஒல்லியான உடம்பு, பாதி முகத்துக்கு மண்டையோட்டுப் பூச்சு, ஸ்கேட்போர்டு, பயம்னா என்னனு தெரியாத பையன். ஸ்டிங்கைவிட 33 வயசுக்கு மேல இளையவர். மூணு வருஷத்துக்கு மேல இந்த ஜோடி ஒரு மேட்ச்கூடத் தோக்கல. கிழவர் பால்கனியிலிருந்து டேபிள் மேல குதிச்சார். பார்த்தவங்களுக்குக் குலை நடுங்கினது.

2023 அக்டோபர்ல ஸ்டிங் தேதியைச் சொல்லிட்டார்: அடுத்த மார்ச்ல வர்ற 'ரெவல்யூஷன்' ஷோதான் கடைசி. அந்த ஷோவுக்கான இடம் கிரீன்ஸ்போரோ கோலிசியம். 36 வருஷத்துக்கு முன்னாடி ஃப்ளேர் அவரை ஆளாக்கின அதே கட்டடம். இன்னொரு சின்ன விஷயம், அந்தக் கட்டடம் திறந்ததும் 1959-ல, ஸ்டிங் பிறந்த அதே வருஷம்.

அந்த ராத்திரி

ஸ்டிங்கும் டார்பியும் அந்த வருஷம் பிப்ரவரியில்தான் டேக் டீம் சாம்பியன் ஆகியிருந்தாங்க. எதிர்ல யங் பக்ஸ், அதாவது மேத்யூ, நிக்கோலஸ் ஜாக்சன் சகோதரர்கள். மணி அடிக்கிற இடத்துல ரிக்கி ஸ்டீம்போட், ஃப்ளேரோட பழைய எதிரி. ஸ்டிங் பக்கம் ஃப்ளேரே. அதுக்கு மேல, ஸ்டிங்கோட ரெண்டு மகன்கள் அப்பாவோட பழைய வேஷங்களைப் போட்டுக்கிட்டு வந்தாங்க. ஒருத்தர் எண்பதுகளின் பளிச் கலர் ஸ்டிங், இன்னொருத்தர் தொண்ணூறுகளின் சிவப்பு கறுப்பு ஸ்டிங். நடுவுல வெள்ளை முகத்தோட நிஜ ஸ்டிங்.

மேட்ச்ல விதிமுறைனு பெருசா எதுவும் இல்ல. டேபிள், ஏணி, கண்ணாடி எல்லாம் வந்தது. டார்பி உயரமான ஒரு ஏணியோட உச்சியிலேருந்து, நாற்காலிகள் மேல வெச்சிருந்த கண்ணாடிப் பலகை மேல படுத்திருந்த எதிராளியை நோக்கிக் குதிச்சார். எதிராளி விலகிட்டார். டார்பி முதுகு நேரா கண்ணாடியில. முதுகு முழுக்க ரத்தம். கண்ணாடி ஸ்கிரிப்ட் படிக்காது.

அதுக்கப்புறம் ஸ்டிங் தனியா மாட்டிக்கிட்டார். ரெண்டு பேரும் சேர்ந்து அடிச்சாங்க. அவரை மறைச்சுக் காப்பாத்தப் பார்த்த 75 வயசு ஃப்ளேரும் உதை வாங்கினார். கடைசியில டார்பி திரும்பி வந்து கைகொடுக்க, ஸ்டிங் மேத்யூவைத் தரையில சாய்ச்சு, கால்களை மடக்கி, ஸ்கார்பியன் டெத்லாக் போட்டார். 1988-ல நேரம் போதாம முடியாமப் போன அதே பிடி. மேத்யூ தரையைத் தட்டினார். முடிஞ்சது.

அப்போ மரபு என்னாச்சு?

ஜெயிச்சுட்டுப் போனது சுயநலமா? எனக்கு அப்படித் தோணல. கடைசி மேட்ச்ல தோக்கணும்னு மரபு சொல்றது ஒரு ராத்திரிக் கணக்கு. போறதுக்கு முன்னாடி எதையாவது கொடுத்துட்டுப் போங்கிறதுதான் அதோட உள்ளர்த்தம். ஸ்டிங் அதைக் கடைசி ராத்திரிக்குனு எடுத்து வைக்கல, மூணு வருஷமா வாராவாரம் கொடுத்துட்டே வந்தார். ஸ்டிங் பக்கத்துல நின்னதாலேயே டார்பியைப் பெரிய ஆளாப் பார்க்க ரசிகர்கள் பழகினாங்க. 1988-ல ஃப்ளேர் செஞ்சதும் இதேதான். அன்னைக்கும் யாரும் தோக்கல.

ஃப்ளேரோட 2008 வழியனுப்பு, மேட்சாப் பார்த்தா, ஸ்டிங்கோடதைவிடக் கண்ணீர் வரவைக்கிறது. மரபுப்படி எல்லாம் சரியா நடந்தது. ஆனா அது அவரை வீட்டுல உட்கார வைக்கல. தோத்தா முடிவு, ஜெயிச்சா தொடர்ச்சிங்கிற கணக்கு ரிங்குக்குள்ளதான் செல்லும். வெளியில அந்த மனுஷனுக்குப் போக ஒரு இடம், செய்ய ஒரு வேலை, காத்திருக்கிற ஆட்கள் இருக்கணும். அன்னைக்கு ஸ்டிங் பக்கத்துல ரெண்டு மகன்கள் இருந்தாங்க. அதுக்கப்புறம் அவர் எப்போவாவது தலைகாட்டியிருக்கார். மேட்ச் ஆடல.

ஒரே ஒரு விஷயம் எனக்கு உறுத்துது, சொல்லிடறேன். ஒரு பெரியவர் கை கால் முழுசா வீடு திரும்பணும்னு நாம 16,000 பேரோட சேர்ந்து வேண்டிக்கிட்ட அதே ராத்திரியில், 31 வயசுப் பையன் கண்ணாடி மேல விழுந்தான். அதுக்கும் கைதட்டினோம். ஸ்டிங் அவனுக்குப் பேரைக் கொடுத்துட்டுப் போனார், சரி. முப்பது வருஷம் கழிச்சு அந்த முதுகுக்கு யார் பொறுப்பு? அந்தக் கணக்கை ஒரு வழியனுப்பு ஷோவால தீர்க்க முடியாது. கம்பெனி கொடுக்கிற ஒப்பந்தம்தான் தீர்க்கணும். அது இன்னும் மாறல.

இந்த எபிசோட் கேட்டுட்டு மேட்ச் பார்க்கத் தோணுச்சுனா, 2024-லேருந்து ஆரம்பிக்காதீங்க. முதல்ல 1988-ஐப் பாருங்க. முழு நாற்பத்தஞ்சு நிமிஷமும். ஃப்ளேர் எப்படி விழறார்னு மட்டும் கவனிங்க. அப்புறம் 2024-ஐப் போட்டீங்கன்னா, அந்தக் கடைசிப் பிடி எவ்வளவு பழசுனு தெரியும். அடுத்த எபிசோட்ல சந்திப்போம்.